பயாப்ஸியில் எஃப்எஸ்ஜிஎஸ் என்று வந்திருக்கிறது, தம்பியின் கிட்னி போய்விடுமா?

தண்டையார்பேட்டையிலிருந்து கேட்டிருக்கிறீர்கள். தம்பிக்கு 26 வயது, திருவொற்றியூர் பக்கம் கன்டெய்னர் யார்டில் வேலை. சர்க்கரையும் இல்லை, பிரஷரும் இல்லை. மூன்றே வாரத்தில் முகமும் காலும் வீங்கி எட்டு கிலோ எடை ஏறியிருக்கிறது. 24 மணி நேரச் சிறுநீரில் புரதம் 6.4 கிராம், ரத்தத்தில் ஆல்புமின் 2.1, கிரியாட்டினின் 1.0. பயாப்ஸியில், அதாவது ஊசியால் கிட்னியிலிருந்து சதைத்துணுக்கு எடுத்துப் பார்த்ததில், எஃப்எஸ்ஜிஎஸ் என்று வந்திருக்கிறது, கிட்னியின் வடிகட்டிகளில் வடு விழும் நோய் அது. டாக்டர் ஆறு மாதம் ஸ்டீராய்டு என்கிறார், சொந்தக்காரர்கள் அதைத் தொடாதே, நாட்டு மருந்து போதும் என்கிறார்கள். அம்மா இப்போதே தன் கிட்னியைத் தருகிறேன் என்று அழுகிறார். தை மாதம் மாமன் மகளோடு கல்யாணம் பேசி முடித்திருக்கிறது. கேள்விகள் பல இருந்தாலும் நீங்கள் உண்மையில் கேட்பது ஒன்றுதான்: இந்த மருந்து அவனைக் காப்பாற்றுமா, கெடுக்குமா? அதற்குப் பதில், அந்த வடு எதனால் வந்தது என்பதில் இருக்கிறது. அதனால் கொஞ்சம் நீட்டியே எழுதுகிறேன்.

நான் வட சென்னையில் பல ஆண்டுகளாகச் சிறுநீரக மருத்துவம் பார்ப்பவன். உங்கள் தம்பியை நான் பார்க்கவில்லை, பயாப்ஸி ஸ்லைடையும் பார்க்கவில்லை. நீங்கள் எழுதிய எண்களை வைத்து எவ்வளவு சொல்ல முடியுமோ அவ்வளவுதான் இது. மருந்தின் அளவை அவரைப் பார்க்கும் டாக்டர்தான் முடிவு செய்ய வேண்டும்.

ஒவ்வொரு கிட்னியிலும் சுமார் பத்து லட்சம் நுண் வடிகட்டிகள் இருக்கின்றன, குளோமெருலஸ் என்போம். ஒவ்வொன்றும் மெல்லிய ரத்தக்குழாய்களின் சின்ன முடிச்சு. அந்தக் குழாய்களை வெளிப்பக்கம் போடோசைட் என்ற செல்கள் தழுவிக்கொண்டிருக்கும். இரண்டு கைவிரல்களைக் கோத்துப் பிடிப்பது போல அந்தச் செல்களின் கால்கள் ஒன்றோடொன்று கோத்திருக்கும். அந்த இடுக்கு வழியாகத் தண்ணீரும் உப்பும் கழிவும் இறங்கும், ஆல்புமின் போன்ற புரதம் உள்ளேயே நிற்கும். இந்தச் செல்கள் அடிபட்டால் கால்கள் மழுங்கி, கோப்பு கலைந்து, புரதம் ஒழுக ஆரம்பிக்கும். தோலில் காயம் பட்டால் புதுச் செல் முளைக்கும். போடோசைட் உதிர்ந்தால் அந்த இடத்தை நிரப்ப அநேகமாகப் புதிது வராது. வெறுமையான இடத்தில் குழாய் ஒட்டிக்கொண்டு வடுவாகிவிடும். எல்லா வடிகட்டிகளிலும் வராமல் சிலவற்றில் மட்டும், அதிலும் முழுதாக வராமல் ஒரு பகுதியில் மட்டும் இந்த வடு இருந்தால் அதைத்தான் எஃப்எஸ்ஜிஎஸ் என்று எழுதுகிறார்கள்.

தம்பியின் ரிப்போர்ட்டில் 14 வடிகட்டிகள் கிடைத்தன, அதில் மூன்றில் வடு என்று எழுதியிருக்கிறீர்கள். மற்ற 11 வடிகட்டிகளில் இன்னும் தழும்பு இல்லை என்பது நல்ல செய்திதான். ஆனால் ஊசியில் வந்தது ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் தடிமனுள்ள சதைத்துணுக்கு. இருபது லட்சத்தில் பதினாலைப் பார்த்திருக்கிறோம். அதனால் ‘மூன்று பங்கு நல்லா இருக்கு, ஒரு பங்கு போச்சு’ என்று கணக்குப் போடாதீர்கள். இன்னொரு விஷயம், இந்த வடு முதலில் கிட்னியின் ஆழமான பகுதியில் இருக்கும் வடிகட்டிகளில்தான் தொடங்குகிறது. 1957-லேயே ஆர்னால்ட் ரிச் என்ற அமெரிக்க நோயியல் மருத்துவர் இதைக் கவனித்து எழுதிவிட்டார். ஊசி மேலோட்டமாக எடுத்துவிட்டாலோ, வடிகட்டிகள் ஐந்தாறுதான் கிடைத்தாலோ வடு கண்ணில் படாமலே போய், மினிமல் சேஞ்ச் என்ற லேசான நோயாக ரிப்போர்ட் வருவதுண்டு. உங்களுக்கு அந்தக் குழப்பம் இல்லை, வடு பார்த்தாகிவிட்டது.

இனி முக்கியமான இடத்துக்கு வருகிறேன். வடு ஒன்றுதான், அது வரும் வழிகள் பல. மருந்து வடுவைப் பார்த்து முடிவாவதில்லை, வழியைப் பார்த்துதான் முடிவாகிறது. ஒரு வழி, ரத்தத்தில் சுற்றும் ஏதோ ஒரு பொருள் போடோசைட்டைத் தாக்குவது. இதை முதல்நிலை எஃப்எஸ்ஜிஎஸ் என்கிறோம், ஸ்டீராய்டு கேட்கக்கூடியது இதுதான். அந்தப் பொருள் எது என்பது எல்லோருக்கும் பொருந்தும்படி இன்றைக்கும் முடிவாகவில்லை. சில நோயாளிகளில், போடோசைட் கால்களின் கோப்பில் உள்ள நெஃப்ரின் என்ற புரதத்துக்கு எதிரான ஆன்டிபாடி இருப்பதாக 2024-ல் வெளியான பெரிய ஆய்வு காட்டியது, ஆனால் அது மினிமல் சேஞ்ச் நோயில் அதிகம், எஃப்எஸ்ஜிஎஸ்ஸில் குறைவு. இரண்டாவது வழி, வடிகட்டிகள் மேல் விழும் அதிகச் சுமை. பருமன், பிறவியிலேயே ஒற்றைக் கிட்னி, சிறு வயதிலிருந்து சிறுநீர் மேலே ஏறிக் கெட்டுப்போன கிட்னி, குறைமாதத்தில் எடை குறைவாகப் பிறந்தது, இவற்றிலெல்லாம் இருக்கும் வடிகட்டிகள் அளவுக்கு மீறி உழைத்து வடுவாகும். எச்ஐவி போன்ற கிருமிகளும் சில மருந்துகளும்கூட இதைக் கொண்டுவரும். மூன்றாவது, மரபணுக் கோளாறு.

நம் பக்கத்துப் பையன்கள் என்பதால் ஒன்றைத் தனியாகக் கேட்கிறேன். தம்பி ஜிம்முக்குப் போகிறாரா? வியாசர்பாடி, காசிமேடு, ராயபுரம் எங்கும் பாக்ஸிங்கும் ஜிம்மும் பையன்களின் உயிர், எனக்கும் அதில் சந்தோஷம்தான். ஆனால் உடம்பு சீக்கிரம் ஏற வேண்டும் என்று டெஸ்டோஸ்டிரோன், நான்ட்ரோலோன் ஊசி போட்டுக்கொள்பவர்களுக்கு இதே வடு நோய் வந்ததை 2010-லேயே பதிவு செய்திருக்கிறார்கள். வீட்டில் அக்கா, அம்மா எதிரில் கேட்டால் எந்தப் பையனும் ஒத்துக்கொள்ள மாட்டான். டாக்டர் தனியாகக் கேட்கட்டும், நீங்கள் வெளியே நில்லுங்கள். டாக்டர் எழுதும் பிரெட்னிசோலோன் வேறு, ஜிம் ஊசி வேறு. இரண்டையும் ஸ்டீராய்டு என்றே சொல்வதால் உங்கள் சொந்தக்காரர்களின் பயத்தில் பாதி அங்கிருந்துதான் வருகிறது.

தம்பியின் எண்களைப் பார்த்தால் முதல்நிலை நோய் என்ற பக்கமே தராசு சாய்கிறது. மூன்று வாரத்தில் திடீரென்று வீங்குவதும், ஆல்புமின் 2.1-க்கு இறங்குவதும் அந்த வகையின் நடத்தை. அதிகச் சுமையால் வருவது மெதுவாக, சத்தமில்லாமல் வரும். புரதம் நிறைய ஒழுகினாலும் ஆல்புமின் பெரும்பாலும் சரியாகவே இருக்கும், வீக்கமும் பெரிதாக இருக்காது. இதை உறுதிப்படுத்த எலக்ட்ரான் மைக்ராஸ்கோப் உதவும். அதில் போடோசைட் கால்கள் எங்கும் மழுங்கியிருந்தால் முதல்நிலை, அங்கங்கே மட்டும் என்றால் இரண்டாம் வகை. அந்த வசதி எல்லா இடத்திலும் இல்லை. பயாப்ஸி எடுத்தபோதே அதற்கென்று ஒரு துணுக்கைத் தனி திரவத்தில் எடுத்து வைத்தார்களா என்று கேளுங்கள். இல்லையென்றாலும் கைவிரிக்க வேண்டியதில்லை, பெரும்பாலும் நாங்கள் இப்படிப்பட்ட எண்களை வைத்துத்தான் முடிவெடுக்கிறோம். ஸ்கேனில் இரண்டு கிட்னியும் ஒழுங்கான அளவில் இருக்கிறதா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

முதல்நிலை என்றால் ஸ்டீராய்டு தேவையா? தேவை. இதில் எனக்குத் தயக்கம் இல்லை. வழக்கமான அளவு கிலோவுக்கு 1 மி.கி., ஒரு நாளைக்கு 80 மி.கி.க்கு மேல் போவதில்லை. எடை என்றால் வீக்கம் சேராத எடை. காலையில் சாப்பிட்ட பிறகு ஒரே வேளையாகப் போட வேண்டும். குறைந்தது நான்கு வாரம் முழு அளவில் கொடுத்துப் பார்ப்போம், உடம்பு தாங்கினால் 16 வாரம் வரை போகலாம், பிறகு படிப்படியாக இறக்குவோம். உங்கள் டாக்டர் சொன்ன ஆறு மாதம் இந்தக் கணக்கில்தான் வருகிறது. குழந்தைகளுக்கு இரண்டு வாரத்தில் புரதம் நிற்பதைப் பார்த்தவர்கள், பெரியவர்களுக்கு மூன்று நான்கு மாதம்கூட ஆகும் என்பது தெரியாமல், ‘ஒரு மாசம் ஆச்சு, ஒண்ணும் கேட்கலை’ என்று பாதியில் விட்டுவிடுகிறார்கள். அதுதான் நான் அதிகம் பார்க்கும் இழப்பு. பெரியவர்களில் ஏறக்குறைய பாதிப் பேருக்கு முழுதாகவோ ஓரளவோ கட்டுப்படும். உங்கள் தம்பி எந்தப் பாதியில் இருப்பார் என்பது மருந்து கொடுத்துப் பார்த்தால்தான் தெரியும்.

ஸ்டீராய்டு சும்மா போகும் மருந்து இல்லை. முகம் உருண்டையாகும், பசி எடுக்கும், தூக்கம் கெடும், கோபம் வரும், சர்க்கரை ஏறலாம், எலும்பு பலவீனமாகும், முகத்திலும் முதுகிலும் பரு வரும். இவற்றில் பலவும் அளவு இறங்க இறங்கத் தணியும். கிட்னியைக் கெடுக்கும் என்பது மட்டும் தவறு. நான் உண்மையில் கவலைப்படுவது கிருமித் தொற்றுக்கு, அதிலும் டிபிக்கு. நெருக்கமான வீடுகள், ஒரே அறையில் ஆறேழு பேர் தூங்கும் தெருக்கள் நம்முடையவை. மருந்து ஆரம்பிக்கும் முன் மார்பு எக்ஸ்ரே, ஹெபடைடிஸ் பி, எச்ஐவி, சர்க்கரை எல்லாம் பார்த்திருக்க வேண்டும். வீட்டில் யாருக்காவது இரண்டு வாரத்துக்கு மேல் இருமல் இருந்தால் அதையும் டாக்டரிடம் சொல்லுங்கள். மாத்திரையைத் திடீரென்று நிறுத்தக் கூடாது, நிறுத்தினால் ரத்த அழுத்தம் விழுந்து ஆளே சுருண்டுவிடலாம். மழைக்காலத்தில் நம் பக்கம் தண்ணீர் தேங்கினால் இரண்டு மூன்று நாள் மருந்துக்கடைக்கே போக முடியாது, 2023 டிசம்பர் புயலில் பார்த்தோம். ஐப்பசி பிறந்ததும் இரண்டு வார மாத்திரையைக் கையில் வாங்கி வைத்துவிடுங்கள்.

ஸ்டீராய்டுக்குக் கேட்கவில்லை என்றால் கதவு அடைந்துவிடாது. சைக்ளோஸ்போரின், டாக்ரோலிமஸ் என்ற மருந்துகள் இருக்கின்றன. 1999-ல் வெளிவந்த ஆய்வில், ஸ்டீராய்டுக்கு அசையாத 49 பேரில் சைக்ளோஸ்போரின் எடுத்தவர்களில் 70 சதவீதம் பேருக்கு 26 வாரத்தில் புரதம் குறைந்தது, அதற்குப் பதில் மருந்தில்லாத போலி மாத்திரை எடுத்தவர்களில் 4 சதவீதம் பேருக்குத்தான் குறைந்தது. ஆனால் மருந்தை நிறுத்திய பின் பலருக்குத் திரும்பவும் வந்தது, அதையும் சொல்லத்தான் வேண்டும். இந்த மருந்துகள் அளவு கூடினால் கிட்னியையே தாக்கும், எனவே ரத்தத்தில் மருந்தின் அளவைப் பார்த்துப் பார்த்துக் கொடுக்க வேண்டும். இவற்றை எடுக்கும்போது பம்பளிமாஸ் சாப்பிடக் கூடாது, மருந்தின் அளவை அது ஏற்றிவிடும்.

எந்த வகையாக இருந்தாலும் ராமிபிரில், டெல்மிசார்டான் மாதிரி ஒரு மாத்திரை சீட்டில் இருக்கும். ‘பிரஷரே இல்லையே, எதுக்கு?’ என்று நிறுத்திவிடாதீர்கள், அது வடிகட்டிக்குள் இருக்கும் அழுத்தத்தைக் குறைத்துப் புரதத்தைக் குறைக்கவே கொடுக்கப்படுகிறது. அந்த மாத்திரையை உப்பு தோற்கடித்துவிடும். ஒரு நாள் முழுக்க மொத்தம் 5 கிராம் உப்பு, அதாவது மட்டமாக ஒரு டீஸ்பூன். இதைச் சொன்னதும் எல்லோரும் ‘சாப்பாட்டில் உப்பே போடறதில்லை சார்’ என்பார்கள். அடுத்த கேள்வியில் கருவாடு வரும். நெத்திலிக் கருவாட்டை மூன்று தண்ணீர் அலசினாலும் சதைக்குள் இறங்கிய உப்பு போகாது. ஊறுகாய், அப்பளம், சாயங்காலம் வண்டியில் சாப்பிடும் அத்தோ, முட்டை மசாலா, எல்லாம் கணக்கில் வரும். இந்துப்பும் உப்புதான். ‘லோ சோடியம்’ என்று விற்கும் உப்பில் பொட்டாசியம் இருக்கிறது, இந்த மாத்திரைகளோடு அது ஆபத்து. புரதம் ஒழுகுகிறதே என்று பத்து முட்டை வெள்ளைக்கருவும் புரோட்டீன் பவுடரும் கொடுக்காதீர்கள், வழக்கமான சாப்பாட்டில் உள்ள பருப்பும் மீனும் ஒரு முட்டையும் போதும்.

தினமும் காலையில் கழிப்பறை போய்வந்ததும், சாப்பிடும் முன், ஒரே மெஷினில் எடை பார்த்து ஒரு நோட்டில் எழுதச் சொல்லுங்கள். வீக்கம் வடிகிறதா என்பதை எடைதான் முதலில் சொல்லும். நுரையை நம்ப வேண்டாம், வேகமாகப் போனாலும் நுரைக்கும், பாத்ரூம் கழுவிய மருந்து மிச்சமிருந்தாலும் நுரைக்கும். 24 மணி நேரச் சிறுநீர் சேகரிப்பில் காலையில் எழுந்ததும் போகும் முதல் சிறுநீரைக் கீழே விட்டு, அதன்பின் போவது எல்லாவற்றையும் மறுநாள் காலை முதல் சிறுநீர் உட்பட கேனில் பிடிக்க வேண்டும். ஷிப்டில் நிற்கிறவரால் இது ஆகாது, யார்டில் கேனைத் தூக்கிக்கொண்டு திரிய முடியுமா? பாதி பிடித்துக் கொடுத்த கேன், புரதம் குறைந்துவிட்டதாகப் பொய் சொல்லும். அதற்குப் பதில் காலைச் சிறுநீரில் புரதம்–கிரியாட்டினின் விகிதம் பாருங்கள், மாதாமாதம் ஒப்பிட அதுவே போதும்.

நாட்டு மருந்து பற்றிக் கேட்டீர்கள். சித்த மருத்துவத்தை மொத்தமாகக் குறை சொல்ல நான் ஆள் இல்லை. ஆனால் இன்னது என்று பெயர் எழுதாத பொட்டலப் பொடிக்கு என் பதில் வேண்டாம் என்பதுதான். பாதரசம் கலந்த சில மருந்துகளால், சிறுநீரில் புரதம் ஒழுகும் மெம்ப்ரேனஸ் என்ற வேறொரு வடிகட்டி நோய் வந்ததைச் சென்னை மருத்துவர்களே ஆய்வாக வெளியிட்டிருக்கிறார்கள். ஏற்கனவே அடிபட்ட வடிகட்டியோடு அந்தச் சோதனை வேண்டாம். மூட்டை தூக்கி முதுகு வலித்தால் மருந்துக்கடையில் டைக்ளோஃபெனாக் வாங்கிப் போடுவதும் இன்றோடு நிற்கட்டும். மணலிக் காற்றாலும் எண்ணூர் தண்ணீராலும்தான் இது வந்தது என்று பக்கத்துவீட்டில் சொல்வார்கள். அந்தக் காற்றையும் தண்ணீரையும் சுத்தம் செய்யச் சொல்ல ஆயிரம் காரணம் உண்டு. இந்த நோய்க்கு அதுதான் காரணம் என்பதற்கு மட்டும் நிரூபணம் இல்லை.

கிட்னி போய்விடுமா? கிரியாட்டினின் 1.0 என்பது இன்று வேலை நன்றாக நடக்கிறது என்று சொல்கிறது. இனி நடப்பதை முடிவு செய்வது புரதம். முழுதாக நின்றுவிட்டால் பல ஆண்டுகள் கிட்னி நன்றாகவே ஓடும். பாதிக்குக் கீழே இறங்கினாலும் நல்ல பலன் உண்டு. எதற்கும் அசையாமல் இதே அளவில் ஒழுகிக்கொண்டே இருந்தால், ஐந்து முதல் பத்து ஆண்டில் ஏறக்குறைய பாதிப் பேர் டயாலிசிஸ் நிலைக்குப் போகிறார்கள். ரிப்போர்ட்டில் டிப் என்ற வகை குறித்திருந்தால் கொஞ்சம் நிம்மதி, கொலாப்சிங் என்றிருந்தால் கவலை அதிகம். எந்த வகை என்று நீங்கள் எழுதவில்லை, பார்த்துக்கொள்ளுங்கள்.

அம்மாவிடம் சொல்லுங்கள், இப்போது கிட்னி தரும் பேச்சே இல்லை. முதல்நிலை நோய் மாற்றிய கிட்னியிலும் சுமார் மூன்றில் ஒருவருக்குத் திரும்ப வரும், சிலருக்கு சில நாட்களிலேயே. 2012-ல் சிகாகோ மருத்துவர்கள் ஒரு நிகழ்வை எழுதினார்கள். எஃப்எஸ்ஜிஎஸ் இருந்த இளைஞருக்குப் பொருத்திய கிட்னியில் உடனே புரதம் ஒழுக ஆரம்பித்தது. இரண்டு வாரத்தில் அதையே எடுத்து, அந்த நோய் இல்லாத வேறொருவருக்குப் பொருத்தினார்கள். அங்கே ஒழுக்கு நின்று கிட்னி தேறிவிட்டது. குற்றம் அந்த இளைஞரின் ரத்தத்தில் இருந்தது, கிட்னியில் இல்லை. அதனால்தான் முதலில் நோயை அடக்கப் பாருங்கள் என்கிறோம்.

கல்யாண விஷயம். இந்த நோய் இருப்பவர் கல்யாணம் செய்துகொள்ளலாம், குழந்தையும் பெறலாம். ஆனால் இரண்டு விஷயம் கேட்க வேண்டும். உங்கள் அப்பா அம்மா சொந்தத்தில் கட்டிக்கொண்டவர்களா? குடும்பத்தில் இளவயதில் கிட்னி நோயோ, காது கேளாமையோ யாருக்காவது உண்டா? இளம் வயதில் தொடங்கி ஸ்டீராய்டுக்கு அசையாதவர்களில் கால் பங்கு முதல் மூன்றில் ஒரு பங்கு வரை மரபணுக் காரணம் கிடைக்கிறது, சொந்தத்தில் கட்டும் குடும்பங்களில் அந்தச் சந்தேகம் கூடும். அப்படியிருந்தால் மரபணுச் சோதனை பாருங்கள். மரபணு வகை என்றால் ஸ்டீராய்டை வீணாகக் கொடுக்க வேண்டியதில்லை. மாமன் மகளும் அதே மரபணுவைத் தாங்கியிருக்கலாம் என்பதால், பிறக்கும் குழந்தையைப் பற்றி முன்பே பேசி முடிவெடுக்கலாம். தை மாதம் ஸ்டீராய்டு முழு வீச்சில் இருக்கும் காலமாகத்தான் தெரிகிறது, ஆறு மாதம் தள்ளிவைப்பது நல்லது என்பது என் அபிப்பிராயம். பெண் வீட்டாரிடம் மறைக்காதீர்கள்.

செலவுக்கு அஞ்ச வேண்டாம். ஸ்டான்லி அரசு மருத்துவமனையில் சிறுநீரகத் துறை இருக்கிறது, முதலமைச்சரின் காப்பீட்டு அட்டை இருந்தால் எதற்கெல்லாம் பொருந்தும் என்று அங்கேயே கேட்டுக்கொள்ளலாம். பயாப்ஸி ரிப்போர்ட்டின் நகலும் எடை நோட்டும் ஒவ்வொரு முறையும் கையில் இருக்கட்டும். வாந்தி, பேதி வந்தால் ராமிபிரிலையும், வீக்கம் வடியக் கொடுக்கும் நீர் மாத்திரை இருந்தால் அதையும் அன்றைக்குப் போடலாமா என்று போனிலாவது கேளுங்கள், ஸ்டீராய்டை மட்டும் விடக் கூடாது, வாந்தியில் அது நிற்கவே இல்லையென்றால் ஊசியாகப் போட ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். ஆல்புமின் இவ்வளவு இறங்கியிருக்கும்போது ரத்தம் உறையும் ஆபத்து உண்டு. ஒரு கால் மட்டும் திடீரென்று வீங்கி வலித்தாலோ, மூச்சு வாங்கினாலோ, விலாவில் கடும் வலி வந்து சிறுநீர் சிவந்தாலோ, காய்ச்சலோடு வயிறு வலித்தாலோ, விடியட்டும் என்று காத்திருக்காமல் அந்த நேரத்திலேயே கேஷுவாலிட்டிக்குக் கூட்டிப் போங்கள்.